சேரிக்கும் ஆஸ்பத்திரிக்கும் இடையிலான தூரம்: பொது மருத்துவமும் அரசின் பொறுப்பும்



இந்த நினைவுச் சொற்பொழிவுக்கு மருத்துவத்தைத் தலைப்பாக எடுத்துக்கொள்கிறேன் என்று சொன்னபோது மன்றத் தோழர் ஒருவர் சற்றுத் தயங்கினார். இலக்கிய மேடையில் ஆரம்ப சுகாதார நிலையத்தைப் பற்றி ஒரு மணி நேரம் எப்படிப் பேசுவது என்பது அவருடைய கவலை. நம் எழுத்தாளர்களின் தன்வரலாறுகளையும் சிறுகதைகளையும் ஒருமுறை நினைத்துப் பாருங்கள். பேறுகாலத்தில் செத்துப்போன அம்மாவோ, பாம்பு கடித்து வண்டி கிடைக்காமல் போன தம்பியோ, மஞ்சள்காமாலைக்கு மந்திரித்துக்கொண்டே இருந்து முடிந்துபோன அப்பாவோ இல்லாத புத்தகத்தைத் தேடி எடுப்பது கஷ்டம். அந்தச் சாவுகளை வறுமை என்ற ஒற்றைச் சொல்லில் போட்டு மூடிவிடுகிறோம். அவற்றுக்கு ஒரு நிர்வாக வரலாறு உண்டு. அரசாணைகளும் குழு அறிக்கைகளும் வரவுசெலவுக் கணக்குகளும் சேர்ந்த வரலாறு. அதைத்தான் இன்று பேச நினைக்கிறேன்.

1929 டிசம்பர் 12ஆம் தேதி காந்தியின் ‘யங் இந்தியா’ இதழில் ஒரு கடிதம் வெளியானது. கத்தியவார்ப் பகுதிக் கிராமம் ஒன்றில் பள்ளி ஆசிரியராக இருந்த, தீண்டப்படாத சமூகத்தைச் சேர்ந்த ஒருவர் எழுதியது. மனைவி பிரசவித்த இரண்டாம் நாள் உடல்நிலை மோசமாகி, மூச்சு வாங்குகிறது. ஆசிரியர் டாக்டரிடம் ஓடுகிறார். உங்கள் குடியிருப்புக்கு வரமாட்டேன் என்கிறார் டாக்டர். ஊர்ப் பெரியவரைப் பிடித்து, இரண்டு ரூபாய் கட்டணத்துக்கும் பொறுப்பேற்ற பிறகு, நிபந்தனையோடு வருகிறார். பச்சை உடம்புக்காரியை வீட்டிலிருந்து குடியிருப்புக்கு வெளியே கொண்டுவர வேண்டும். டாக்டர் தெர்மாமீட்டரை ஒரு முஸ்லிமிடம் கொடுக்கிறார்; அவர் கணவரிடம்; கணவர் மனைவியிடம். அதே வழியில் அது திரும்பிப் போகிறது. விளக்கு வெளிச்சத்தில் அதைப் பார்த்து நிமோனியா என்று சொல்லிவிட்டு டாக்டர் போகிறார். மருந்து வந்தது. மறுபடி வந்து பார்க்க அவர் சம்மதிக்கவில்லை. அந்தப் பெண் இறந்துபோனார். அம்பேத்கர் தன்னுடைய ‘வெயிட்டிங் ஃபார் எ விசா’ குறிப்புகளில் இந்தக் கடிதத்தை எடுத்து வைத்திருக்கிறார். தன் சொந்த அவமானங்களுக்கு நடுவே முகம் தெரியாத ஒரு பெண்ணின் சாவுக்கு அவர் இடம் கொடுத்திருப்பது கவனிக்கத்தக்கது.

சமூகவியல் மாணவர்களுக்கு இந்தச் சம்பவம் ஒரு பாடப்புத்தகத்தைவிட அதிகம் சொல்லும். மருத்துவ வசதி கிடைக்கிறதா என்று அளக்க இன்று ஆய்வாளர்கள் கேட்கும் கேள்விகளைப் போட்டுப் பாருங்கள். டாக்டர் இருந்தாரா? இருந்தார். கட்டணம் கொடுக்க முடிந்ததா? முடிந்தது. கருவி? இருந்தது. மருந்து? கிடைத்தது. ஆய்வாளரின் படிவத்தில் எல்லாக் கட்டத்திலும் ‘ஆம்’ விழுந்திருக்கும். நெஞ்சில் கை வைத்து, காது வைத்துக் கேட்க வேண்டிய நோய் நிமோனியா. அந்தத் தொடுதல் மட்டும் நடக்கவில்லை. எல்லோருக்கும் மருத்துவம் என்று பேசுகிற எந்தத் திட்டத்தையும் இந்தப் பெண்ணின் உடம்புக்குப் பக்கத்தில் வைத்துப் பார்ப்பது என்பது என் பழக்கமாகிவிட்டது.

தொடுதலை வைத்துத்தான் நம் ஊர்களில் மருத்துவமே பிரித்து வைக்கப்பட்டிருந்தது. தமிழகத்தின் பல பகுதிகளில் பிரசவம் பார்த்தவர்கள் நாவிதர் சமூகத்துப் பெண்கள். மருத்துவச்சி என்பது அவர்களுக்கான பெயர். ரத்தமும் நஞ்சுக்கொடியும் தீட்டு என்பதால் அந்த வேலை அவர்கள் தலையில் கட்டப்பட்டது. அந்த வேலையைச் செய்ததாலேயே அவர்களும் தாழ்ந்தவர்கள் ஆக்கப்பட்டார்கள். அவர்களும் சேரிக்கு வரமாட்டார்கள். சேரியில் புதிரை வண்ணார் பெண்களும் எங்கள் பாட்டிமார்களும்தான் பிள்ளை எடுத்தார்கள். தொப்புள்கொடி அறுக்கும் கைக்குக்கூட ஊரில் படிநிலை இருந்தது. இன்னொரு பக்கம், அயோத்திதாசப் பண்டிதர் (1845–1914) அடிப்படையில் ஒரு சித்த மருத்துவர் என்பதையும் நினைவில் வையுங்கள். 1907இல் ‘ஒரு பைசாத் தமிழன்’ தொடங்கிய பத்திரிகையாளராகவும் பௌத்தராகவும் அவரைப் படிக்கிறோம். நாடி பிடித்த கை அது என்பதை மறந்துவிடுகிறோம். மருத்துவ அறிவு எங்களிடம் இல்லாமல் இருந்ததில்லை. அது பதவியும் சம்பளமும் உள்ள தொழிலாக மாறியபோதுதான் எங்கள் ஆட்கள் வெளியே நின்றார்கள்.

சென்னையில் ஸ்டான்லி மருத்துவமனையை இன்றும் வயதானவர்கள் கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரி என்பார்கள். 1782இல் பஞ்சத்தில் அடிபட்டு வந்தவர்களுக்குக் கஞ்சி ஊற்றிய மணியக்காரர் சத்திரத்திலிருந்து வளர்ந்தது அது. 1938இல் அங்கே ஸ்டான்லி மருத்துவக் கல்லூரி வந்தது. கஞ்சித் தொட்டியிலிருந்து ஒரு பெரிய மருத்துவமனை கிளம்பியது என்பதில் ஒரு செய்தி இருக்கிறது. இந்த மண்ணில் ஏழையின் உடம்பைப் பற்றி அரசு முதன்முதலில் யோசித்தது பஞ்ச காலத்தில்தான். பிணம் தெருவில் கிடக்கும்போதுதான்.

1876–78 தாது வருஷப் பஞ்சத்தை எடுத்துக்கொள்வோம். தென்னிந்தியாவை உலுக்கிய அந்தப் பஞ்சத்தில் செத்தவர்கள் பல லட்சம் பேர். நிலமில்லாமல், விளைச்சலில் பங்கும் இல்லாமல், கூலியாகத் தானியம் வாங்கிப் பிழைத்தவர்கள்தான் முதலில் விழுந்தார்கள். பறையர், பள்ளர், சக்கிலியர் சேரிகள் காலியாயின. 1877 தொடக்கத்தில் வைசிராயின் பஞ்சத் தூதராக வந்த ரிச்சர்ட் டெம்பிள், நிவாரண வேலைக்கு வரும் ஆண் ஒருவருக்கு நாளுக்கு ஒரு பவுண்டு தானியம் போதும், கூடவே சிறிது காசு தரலாம் என்று கூலியை வெட்டினார். வெயிலில் மண் சுமக்கிற உடம்புக்கு இது போதாது என்று எதிர்த்தவர் சென்னை மாகாணத்தின் சுகாதார ஆணையர் டாக்டர் கார்னிஷ். சிறைக் கைதிகளுக்குத் தரப்படும் உணவோடு அவர் அதை ஒப்பிட்டுக் காட்டினார். சில மாத இழுபறிக்குப் பின் அளவு உயர்த்தப்பட்டது. அதற்குள் போனவர்கள் போய்விட்டார்கள்.

இந்தச் சண்டையை நான் விரிவாகச் சொல்வதற்குக் காரணம் உண்டு. டெம்பிளின் வாதம் மருத்துவ வாதம் அல்ல. கருவூலத்தின் வாதம். ஒரு கூலியாளை உயிரோடு வைத்திருக்க ஆகக் குறைந்த செலவு எவ்வளவு என்று அவர் கேட்டார். அவருக்கு எதிரில் அதே அரசின் சம்பளம் வாங்கிய ஒரு டாக்டர், உயிரோடு வைத்திருக்க உண்மையில் எவ்வளவு வேண்டும் என்று கேட்டார். ஒன்றரை நூற்றாண்டாக இந்த இரண்டு கேள்விகளும் அரசின் சுகாதாரத் துறைக்கும் நிதித் துறைக்கும் இடையே நடந்துகொண்டே இருக்கின்றன. பெரும்பாலும் டெம்பிளே ஜெயிக்கிறார். இருந்தாலும் அந்தப் பஞ்சத்தின் பிணக்குவியல் மேல் நின்றுதான் 1880 பஞ்ச ஆணையமும் அதைத் தொடர்ந்த பஞ்ச விதித்தொகுப்புகளும் வந்தன. பட்டினியில் சாகிறவரைக் காப்பது அரசின் கடமை என்று காகிதத்தில் ஏறியது.

காகிதத்தில் ஏறினாலும் பேச்சில் அது தர்மமாகவே இருந்தது. அரசு மருத்துவமனையை நம் பெரியவர்கள் எப்படி அழைத்தார்கள்? தர்மாஸ்பத்திரி. இலவசமாகப் பார்க்கிற இடம், எனவே தர்மம். உப்புக்கு வரி கட்டியது சேரி. கள், சாராய வரி சென்னை மாகாண வருவாயின் முக்கியத் தூண்களில் ஒன்று. அந்தக் காசு எந்தக் கூலியிலிருந்து போனது என்று நான் சொல்ல வேண்டியதில்லை. வரி கட்டியவன் பெறுவது எப்படித் தர்மமாகும்? மொழியில் ஒட்டிக்கொண்ட இந்தப் பிச்சை வாசனை இன்னும் போகவில்லை. அரசு மருத்துவமனைச் சீட்டு வாங்கும் வரிசையில் நிற்பவர்களிடம் பேசப்படுகிற ஒருமையில் அது இருக்கிறது.

1924இல் இரட்டைமலை சீனிவாசன் சென்னைச் சட்டமன்றத்தில் கொண்டுவந்த தீர்மானம் உங்களில் பலருக்குத் தெரியும். பொதுச் சாலை, தெரு, கிணறு, குளம், அரசு அலுவலகம் எதிலும் ஆதிதிராவிடர் நுழைவதைத் தடுக்கக் கூடாது என்பது அதன் சாரம். செப்டம்பர் மாதம் அரசாணையாகவும் வந்தது. இதை நாம் தெருவில் நடக்கும் உரிமையாக மட்டுமே வாசித்து வந்திருக்கிறோம். ஊர்த் தெருவில் நடக்க முடியாதவர் ஊர் நடுவில் இருக்கும் டிஸ்பென்சரிக்கு எப்படிப் போவார்? தண்ணீர் எடுக்க முடியாத குளத்துக்குப் பக்கத்தில் வாந்திபேதி வந்தால் எந்தத் தண்ணீரைக் குடிப்பார்? நல்ல தண்ணீர்க் கிணற்றை மூடி வைத்துவிட்டுக் காலராவுக்கு ஊசி போடுவதை நான் சுகாதாரம் என்று ஒப்புக்கொள்ள மாட்டேன். அந்த வகையில் 1924 தீர்மானம் இந்த மாகாணத்தின் முக்கியமான சுகாதார ஆவணங்களில் ஒன்று. பொதுச் சுகாதார வரலாறு எழுதுகிறவர்கள் 1939ஆம் ஆண்டின் சென்னைப் பொதுச் சுகாதாரச் சட்டத்திலிருந்து தொடங்குவார்கள். இந்தியாவின் முதல் மாகாணச் சுகாதாரச் சட்டம் என்ற பெருமை அதற்கு உண்டு. பெருமை நியாயமானதே. ஆனால் அது சாக்கடை, தொற்றுநோய், உணவுக் கலப்படம் ஆகியவற்றைக் கட்டுப்படுத்த அதிகாரிக்கு அதிகாரம் தந்த சட்டம். சிகிச்சை கேட்க குடிமகனுக்கு அதிகாரம் தரவில்லை.

1920களின் நடுவில் சென்னை அரசு இன்னொன்றையும் செய்து பார்த்தது. தனியார் மருத்துவர்கள் கிராமத்தில் போய்க் குடியேறினால் மானியம் தருவது. பதிலுக்கு அவர்கள் ஏழைகளுக்கு இலவசமாகப் பார்ப்பது. இன்று பொது–தனியார் கூட்டு என்று புதிதாகக் கண்டுபிடித்தது போலப் பேசுகிறார்களே, அதன் தாத்தா இது. டாக்டர் எங்கே வீடு பிடித்திருப்பார், திண்ணையில் யார் உட்கார்ந்திருப்பார்கள், யார் தெருமுனையில் நின்றிருப்பார்கள் என்று நீங்களே ஊகிக்கலாம்.

இனி அம்பேத்கருக்கு வருகிறேன். சட்ட மேதையாகவும் மதம் மாறியவராகவும் அவரைக் கொண்டாடும் நாம், மருத்துவப் பாதுகாப்பில் அவர் எடுத்த நிலையைப் போதுமான அளவு பேசுவதில்லை. 1928 ஜூலையில் பம்பாய்ச் சட்டமன்றத்தில் ஆலைத் தொழிலாளர் பெண்களுக்கான பேறுகால உதவி மசோதா விவாதத்துக்கு வந்தது. செலவை முதலாளிமேல் போடலாமா என்று சண்டை. அம்பேத்கர் மசோதாவை ஆதரித்தார். பேறுகாலத்துக்கு முன்னும் பின்னும் தாய்க்கு ஓய்வு கிடைப்பது நாட்டின் நலன் என்றார். மக்கள் நலத்தைக் காப்பது முதன்மையாக அரசின் வேலை என்பதால் இந்தச் சுமையில் பெரும்பகுதியை அரசே ஏற்க வேண்டும் என்றும் சொன்னார். அதை அரசு செய்யாத நிலையில், அந்தப் பெண்ணின் உழைப்பில் லாபம் பார்க்கும் முதலாளி தப்பிக்க முடியாது என்பது அவர் வாதத்தின் மறுபாதி. அடுத்த ஆண்டு அது சட்டமானது. முப்பத்தேழு வயதில் ஒரு நியமன உறுப்பினர், அரசின் பொறுப்பு என்ற கோட்டை அவ்வளவு தெளிவாகப் போட்டிருக்கிறார். கத்தியவார்க் கடிதம் வெளிவருவதற்கு ஒரு வருஷத்துக்கு முன்பு!

1942 முதல் 1946 வரை வைசிராயின் நிர்வாகக் குழுவில் தொழிலாளர் உறுப்பினராக இருந்தபோது, சுரங்கப் பெண்களின் பேறுகால உதவிச் சட்டத்தைத் திருத்தினார். அவருடைய துறையின் காலத்தில்தான் பேராசிரியர் அடார்க்கர் 1943இல் நியமிக்கப்பட்டு, தொழிலாளர் உடல்நலக் காப்பீடு குறித்த அறிக்கையை 1944இல் தந்தார். அதிலிருந்து பிறந்ததே 1948ஆம் ஆண்டின் தொழிலாளர் அரசுக் காப்பீட்டுச் சட்டம், நாம் ஈ.எஸ்.ஐ. என்கிறோமே அது. 1952 பிப்ரவரியில் கான்பூரிலும் டெல்லியிலும் நடைமுறைக்கு வந்தது. தொழிலாளி, முதலாளி, அரசு மூவரும் பணம் போட, அரசே மருத்துவமனை நடத்துகிற ஏற்பாடு. தர்மம் என்ற சொல்லுக்கே அங்கே இடமில்லை.

அதன் எல்லையையும் பார்க்க வேண்டும். மின்சாரத்தால் இயங்கும், இருபது பேருக்குக் குறையாத, ஆண்டு முழுதும் ஓடும் தொழிற்சாலைகளுக்குத்தான் அந்தச் சட்டம் முதலில் பொருந்தியது. வயலில் வேலை செய்தவருக்கு இல்லை. நாற்று நடுவதும் அறுப்பதும் பருவ வேலை, எனவே வெளியே. கீழத்தஞ்சையின் பண்ணையாளுக்கு முதலாளி உண்டு, வேலை நேரம் உண்டு, சவுக்கடியும் சாணிப்பாலும்கூட உண்டு; காப்பீடு மட்டும் கிடையாது. தொழிலாளர் என்ற சொல்லை ஆலைச் சுவரோடு நிறுத்திக்கொண்டதால், தலித்துகளில் மிகப் பெரும்பாலோர் அந்தச் சொல்லுக்கு வெளியே விழுந்தார்கள். 1947இல் பட்டியல் சாதிக் கூட்டமைப்பின் சார்பில் அம்பேத்கர் எழுதிய ‘ஸ்டேட்ஸ் அண்ட் மைனாரிட்டீஸ்’ இந்த ஓட்டையை அறிந்தே எழுதப்பட்டது போலத் தோன்றுகிறது. வேளாண்மை அரசுத் தொழிலாக வேண்டும் என்றும், காப்பீடு அரசின் ஏகபோகமாக இருக்க வேண்டும் என்றும் அதில் கேட்டார். அவர் அங்கே பேசியது கட்டாய ஆயுள் காப்பீட்டைப் பற்றி. மருத்துவக் காப்பீட்டைப் பற்றி அல்ல. என்றாலும் சாவு பயத்தை வைத்துத் தனியார் லாபம் பார்க்கக் கூடாது என்ற எண்ணம் இரண்டுக்கும் பொதுவானது என்றே நான் வாசிக்கிறேன்.

அதே காலத்தில்தான் போர் குழு. சர் ஜோசப் போர் தலைமையில் 1943இல் அமைந்து, 1946இல் அறிக்கை தந்தது. சென்னையின் டாக்டர் ஆ. லட்சுமணசாமி முதலியார் அதில் ஓர் உறுப்பினர். அது காட்டிய படத்தைப் பாருங்கள்: பிறக்கும் ஆயிரம் குழந்தைகளில் 162 ஒரு வயதுக்குள் சாகின்றன, சராசரி ஆயுள் 27 வயதைத் தொடவில்லை, ஏறத்தாழ 6,300 பேருக்கு ஒரு டாக்டர், 43,000 பேருக்கு ஒரு செவிலியர். பணம் கட்ட முடியவில்லை என்பதற்காக எவருக்கும் சிகிச்சை மறுக்கப்படக் கூடாது என்பதே அதன் முதல் கொள்கை. நீண்டகாலத் திட்டமாக 10,000 முதல் 20,000 மக்களுக்கு 75 படுக்கைகள் கொண்ட ஒரு மருத்துவமனையைக் கேட்டது. உடனடித் திட்டமாக 40,000 பேருக்கு ஓர் ஆரம்ப சுகாதார நிலையம்.

போரில் நொறுங்கிய பிரிட்டன் 1948 ஜூலை 5 அன்று தன் தேசியச் சுகாதாரச் சேவையைத் தொடங்கிவிட்டது. இங்கே 1952 அக்டோபர் 2 அன்று தொடங்கிய சமுதாய வளர்ச்சித் திட்டத்தோடு, வட்டாரத்துக்கு ஒன்று என்று ஆரம்ப சுகாதார நிலையங்கள் வந்தன. 75 படுக்கை சில படுக்கைகளாகச் சுருங்கியது. பணமில்லை என்றார்கள். மறுபடியும் டெம்பிள்.

போர் குழுவின் அறிக்கையை மதிப்போடுதான் சொல்கிறேன். அதற்கு இணையான ஆவணம் பிறகு வரவில்லை. ஆனால் அதன் அளவுகோல் தலைக்கணக்கு. இத்தனை ஆயிரம் தலைக்கு ஒரு நிலையம். இன்றும் சமவெளியில் 30,000 பேருக்கு ஓர் ஆரம்ப சுகாதார நிலையம், 5,000 பேருக்கு ஒரு துணை நிலையம் என்பதே விதி. மலைப் பகுதிக்கும் பழங்குடிப் பகுதிக்கும் 20,000, 3,000 என்று தளர்த்தியிருக்கிறார்கள். மலை ஏறுவது கடினம் என்று அரசுக்குப் புரிகிறது. சேரியிலிருந்து ஊருக்குள் போவதும் ஓர் ஏற்றம் என்பது அந்தக் கணக்கில் வரவில்லை. துணை நிலையத்துக்கு இடம் கொடுத்தவர் யார், அது யார் வீட்டுக்குப் பக்கத்தில் எழும்பியது என்பதைத் தலைக்கணக்கு சொல்லாது. களப்பணிக்காக வட மாவட்டங்களில் சுற்றியபோது நான் பார்த்த துணை நிலையங்களில் காலனிக்குள் இருந்தவை மிகச் சில. ஊர்க் கோயிலுக்கும் பால் சொசைட்டிக்கும் அருகில் இருந்தவையே அதிகம். செவிலியர் காலனிக்கு வருவார், வராமல் இல்லை. தெருமுனையில் ஸ்கூட்டியை நிறுத்திவிட்டு, பெயர் சொல்லிக் கூப்பிடுவார். கர்ப்பிணிகள் நடந்து போக வேண்டும். பாட்டி ஒருத்தி என்னிடம், அந்தப் பொண்ணு நல்ல பொண்ணுதான், எங்க வூட்டு சொம்புல மட்டும் தண்ணி குடிக்காது என்றார். சொல்லிவிட்டுச் சிரித்தார்.

அரசியலமைப்புச் சட்டம் இதில் எங்கே நிற்கிறது? உறுப்பு 47, ஊட்டச்சத்தையும் பொதுச் சுகாதாரத்தையும் உயர்த்துவது அரசின் முதன்மைக் கடமைகளில் ஒன்று என்கிறது. ஆனால் அது வழிகாட்டு நெறி. நீதிமன்றத்தில் கேட்டு வாங்க முடியாத பகுதி. உறுப்பு 15இன் இரண்டாம் பிரிவைச் சட்ட மாணவர்கள் எடுத்துப் படியுங்கள். கடை, உணவகம், கிணறு, குளம், சாலை எல்லாம் பெயர் சொல்லி வருகின்றன. மருத்துவமனை பெயர் சொல்லி வரவில்லை. அந்த இடைவெளியை 1955ஆம் ஆண்டின் தீண்டாமைக் குற்றச் சட்டத்தின் 5ஆம் பிரிவு அடைத்தது. பொதுமக்களுக்கான மருத்துவமனையிலோ டிஸ்பென்சரியிலோ தீண்டாமை காரணமாகச் சேர்க்க மறுப்பது குற்றம். 2015இல் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தைத் திருத்தியபோது ஆரம்ப சுகாதார நிலையமும் பெயரோடு சேர்ந்தது. அதாவது அறுபது ஆண்டு கழித்தும் அந்த வாசலில் மறிக்கிறார்கள் என்று நாடாளுமன்றமே ஒப்புக்கொண்டிருக்கிறது.

நீதிமன்றத்தில் இந்த உரிமையை இழுத்துக் கொண்டுவந்தவர்களும் கூலித் தொழிலாளர்களே. மேற்கு வங்கத்தில் ஹக்கீம் ஷேக் என்ற விவசாயத் தொழிலாளி 1992 ஜூலை 8 அன்று மதுராப்பூரில் ரயிலிலிருந்து விழுந்து தலையில் அடிபட்டார். அரசு மருத்துவமனைகள் ஒன்றன்பின் ஒன்றாக, படுக்கை இல்லை, வசதி இல்லை என்று அனுப்பின. கடைசியில் தனியார் மருத்துவமனையில் ஏறத்தாழ 17,000 ரூபாய் செலவழித்துப் பிழைத்தார். அவர் சார்ந்திருந்த விவசாயத் தொழிலாளர் அமைப்பு உச்ச நீதிமன்றம் போனது. 1996 மே மாதம் தீர்ப்பு வந்தது: அவசரச் சிகிச்சை தரத் தவறுவது உறுப்பு 21 தரும் உயிர் வாழும் உரிமையை மீறுவது; நிதி இல்லை என்று சொல்லி அரசு தப்ப முடியாது; 25,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும். டெம்பிளுக்கு எதிராக வந்த ஒரு தீர்ப்பு என்று நான் இதை வேடிக்கையாகச் சொல்வதுண்டு.

தமிழ்நாடு செய்திருப்பதை மறைத்துப் பேசுவது நேர்மையாகாது. பொதுச் சுகாதாரத்துக்கென்று தனி இயக்குநரகம் வைத்துக்கொண்ட மாநிலம் இது. 1987இல் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி பெயரில் பேறுகால நிதியுதவி. 1994இல் மருத்துவப் பணிகள் கழகம், அதனால் மாத்திரை இல்லாத அரசு மருத்துவமனை என்பது அரிதாயிற்று. இருபத்துநான்கு மணி நேரமும் பிரசவம் பார்க்கும் ஆரம்ப சுகாதார நிலையங்கள். 2021இல் வீட்டுக்கே வந்து சர்க்கரையும் ரத்த அழுத்தமும் பார்க்கும் மக்களைத் தேடி மருத்துவம். ஐந்தாம் தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின்படி இங்கே 99.6 விழுக்காடு பிரசவங்கள் மருத்துவமனையில் நடக்கின்றன. 2018–20 காலத்தில் ஒரு லட்சம் பிரசவத்துக்கு நாடு முழுதும் 97 தாய்மார்கள் இறந்தபோது இங்கே 54. என் பாட்டிக்குப் பிறந்த ஒன்பதில் நான்குதான் தங்கியது. அந்த வேறுபாட்டை உண்டாக்கியது தனியார் மருத்துவமனை அல்ல. காலனிக்கு வந்து கதவைத் தட்டிய கிராம சுகாதாரச் செவிலியர், தெருமுனையில் நின்றே தட்டியிருந்தாலும், அவர்தான் உண்டாக்கினார்.

சராசரி எண்களோடு எனக்கு ஒரு பழைய தகராறு உண்டு. 2018இல் ஐ.நா.வின் பெண்கள் அமைப்பு வெளியிட்ட அறிக்கை, இந்தியாவில் தலித் பெண்கள் உயர்சாதிப் பெண்களைவிடச் சராசரியாக 14.6 ஆண்டுகள் முன்னதாக இறக்கிறார்கள் என்றது. இதை ஆயுட்கால எதிர்பார்ப்பு என்று மேடைகளில் தவறாகச் சொல்கிறார்கள். இறந்தவர்களின் வயதை எடுத்துக் கணக்கிட்ட எண் அது. சரியாகச் சொன்னாலும் அதன் கொடூரம் குறையவில்லை. சுத்தமான தண்ணீர், கழிப்பறை போன்ற வசதிகளைச் சமமாக்கிப் பார்த்தாலும் இடைவெளி முழுவதும் மறையவில்லை என்பதை அந்த அறிக்கை சேர்த்தே சொல்கிறது. மிச்சம் இருப்பது என்ன என்று கத்தியவார் ஆசிரியருக்குத் தெரிந்திருக்கும்.

2009இல் தமிழ்நாட்டில் உயிர்காக்கும் மருத்துவக் காப்பீடு வந்தது. 2018இல் ஒன்றிய அரசின் ஐந்து லட்ச ரூபாய்க் காப்பீடு. இதயத்துக்கும் சிறுநீரகத்துக்கும் இதனால் பிழைத்தவர்கள் நம் தெருவிலும் இருக்கிறார்கள். அவர்களிடம் போய்க் காப்பீடு வேண்டாம் என்று நான் சொல்ல மாட்டேன். நான் கேட்பது வேறு. படுக்கையில் சேர்ந்தால் மட்டும் பணம் தருகிற அட்டை அது. நம் வீடுகளில் காசு கரைவது மாதாமாதம் சர்க்கரை மாத்திரையிலும், காசநோய்க்காரர் வேலைக்குப் போகாத நாட்களிலும், ஸ்கேனுக்குப் போகும் பஸ் செலவிலும். பிரீமியமாகப் போகும் அரசுப் பணத்தில் கணிசமான பங்கு தனியார் மருத்துவமனைக்குப் போகிறது. அந்தப் பணத்தில் ஒரு வட்டார மருத்துவமனைக்கு மயக்க மருந்து நிபுணரையும் எலும்பு முறிவு நிபுணரையும் போட்டால் அவர் அங்கேயே இருப்பார். அட்டையைக் காட்டி நகரத்துக்கு ஓட வேண்டியதில்லை. 2017 தேசியச் சுகாதாரக் கொள்கை, 2025க்குள் அரசின் சுகாதாரச் செலவை உள்நாட்டு உற்பத்தியில் 2.5 விழுக்காடாக்குவோம் என்றது. 2021–22இல், கொரோனா நடுவிலும், அது 1.84 விழுக்காடு. நாட்டின் மொத்த மருத்துவச் செலவில் 39.4 விழுக்காடு மக்கள் நேரடியாகத் தம் சட்டைப்பையிலிருந்து கொடுத்தது.

2023 மார்ச்சில் ராஜஸ்தான் சட்டமன்றம் சுகாதார உரிமைச் சட்டம் இயற்றியது. இந்தியாவில் அதுவே முதல். அவசரச் சிகிச்சையை முன்பணம் கேட்காமல் தர வேண்டும் என்றதும் தனியார் மருத்துவர்கள் வீதிக்கு வந்தார்கள். ஏப்ரலில் அரசு இறங்கி வந்து, ஐம்பது படுக்கைக்குக் கீழுள்ள தனியார் மருத்துவமனைகளுக்கு விலக்கு தர ஒப்புக்கொண்டது. உரிமை என்ற சொல்லைச் சட்டத்தில் எழுதினால் எங்கிருந்து எதிர்ப்பு வரும் என்று தமிழ்நாட்டில் இதைக் கேட்கப்போகிறவர்கள் அங்கே பார்த்துக்கொள்ளலாம்.

இன்னொரு விஷயம். மருத்துவமனைக்குள் நம் ஆட்கள் இரண்டு இடத்தில் அதிகம்: வரிசையில், தரையில். அறுவை அரங்கின் ரத்தத்தைத் துடைப்பவர்கள், சவக்கிடங்கில் உடம்பைத் தூக்குபவர்கள், வார்டுக் கழிப்பறையைக் கழுவுபவர்கள் பெரும்பாலும் யார் என்று கேட்கவே வேண்டாம். ஒரு காலத்தில் இது குறைந்தபட்சம் அரசு வேலை. ஓய்வூதியம் உண்டு, பிள்ளையைப் படிக்க வைக்கலாம். இன்று பல இடங்களில் ஒப்பந்த நிறுவனத்தின் சீருடை. மருத்துவச்சிக்குச் சொன்ன அதே விதி: தீட்டை ஏற்கும் கைக்குப் பாதுகாப்பு கடைசி. பொது மருத்துவத்தைக் காப்போம் என்று பேசுகிற இடதுசாரித் தோழர்கள், மருத்துவர் பணியிடங்களைப் பற்றிப் பேசும் அளவுக்கு இவர்களைப் பற்றிப் பேசுவதில்லை என்பது என் வருத்தம்.

மாணவ நண்பர்களிடம் ஒரு வேலை கேட்டு முடித்துக்கொள்கிறேன். உங்கள் ஒன்றியத்தின் ஒவ்வொரு துணை சுகாதார நிலையமும் எந்தத் தெருவில் இருக்கிறது, காலனியிலிருந்து எத்தனை மீட்டர், நடுவில் எந்தத் தெருவைக் கடக்க வேண்டும், செவிலியர் பணியிடம் எத்தனை மாதம் காலியாக இருந்தது என்று குறித்து வாருங்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் பணியிட விவரம் கேட்கலாம். மற்றது கால்நடையாகப் போய் அளக்க வேண்டியது. விவசாயக் கூலிகளை ஈ.எஸ்.ஐ.க்குள் கொண்டுவருவது பற்றி 1948இலிருந்து தொங்கும் கேள்விக்கு ஒரு மனு தயாரிக்க வழக்கறிஞர் தோழர்கள் இருவர் ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். வரைபடம் அவர்களுக்கும் வேண்டும். திண்டிவனம், செய்யாறு பக்கத்து ஒன்றியங்களிலிருந்து தொடங்கலாம் என்று நினைக்கிறேன். பெயர் கொடுக்க விரும்புகிறவர்கள் கூட்டம் முடிந்ததும் மேடைக்கு வலப்பக்கம் இருக்கும் மேசைக்கு வாருங்கள்.